எங்கள் எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தலை வலித்தது

இதை எழுத உட்கார்ந்து, நாலு வரி தாண்டாமல் எழுந்துபோனது எத்தனையோ முறை. நடந்து ஏழு மாதம் ஆகிவிட்டது. இப்போதாவது எழுதி முடித்துவிட வேண்டும் என்று உட்கார்ந்ததற்குக் காரணம், அடுத்த குளிர்காலம் நெருங்குகிறது. எங்களைப் போலவே குழந்தை குட்டிகளோடு எங்கோ ஓர் ஒதுக்குப்புறமான வீட்டுக்கு யாரோ கிளம்பிக்கொண்டிருப்பார்கள். மூடிய அறைக்குள் கரி எரிந்தால் கார்பன் மோனாக்சைடு என்ற நச்சு வாயு சேரும், அது ஆளைக் கொல்லும் என்று எங்களுக்கு ஒரே ஒருவர் முன்பே சொல்லியிருந்தால் போதும், அந்த இரண்டு இரவுகளும் அதற்குப் பிறகு நாங்கள் பட்ட மூன்று மாத அவஸ்தையும் நேர்ந்தே இருக்காது.

நானும் மனைவியும், ஒன்பது வயது மகள், நாலு வயது மகன், என் அம்மா. மொத்தம் ஐந்து பேர், ஐந்து நாள். ஒரு வருடமாக மாதாமாதம் கொஞ்சம் கொஞ்சமாக ஒதுக்கிவைத்த பணத்தில் எடுத்த வீடு அது. மலையடிவாரத்தில், ஊரை விட்டுத் தள்ளி, சுற்றிலும் தோட்டம். பழைய வீட்டைப் புதுப்பித்து, பெரிய பெரிய கண்ணாடி ஜன்னல்கள் வைத்திருந்தார்கள். ஓரமெல்லாம் ரப்பர் பட்டை போட்டு, சாத்தினால் வெளியே காற்றடிப்பதுகூடக் கேட்காது. படத்தில் பார்த்தபோது அதுதான் எங்களுக்குப் பிடித்திருந்தது. வீட்டை எடுக்கும் முன் உரிமையாளரிடம் நான் ஏகப்பட்ட கேள்விகள் கேட்டேன். வழி எப்படி, கார் உள்ளே வருமா, வெந்நீர் வருமா, இணையம் இருக்கிறதா. ராத்திரி குளிருக்கு என்ன ஏற்பாடு என்று மட்டும் கேட்கவில்லை. அந்தக் கேள்வி எனக்குத் தோன்றவே இல்லை. நீங்கள் முதலில் கேட்க வேண்டியது அதுதான். அறையைச் சூடாக்க எதை எரிக்கிறார்கள், தண்ணீரைச் சூடாக்க எதை எரிக்கிறார்கள், அந்தப் புகை எந்த வழியாக வெளியே போகிறது. மின்சார ஹீட்டர் என்றால் இந்த வாயுவைப் பற்றிய கவலை இல்லை. கரி, விறகு, கேஸ், மண்ணெண்ணெய் என்று எது சொன்னாலும், வெளியே போகும் குழாய் இருக்கிறதா, கடைசியாக எப்போது சுத்தம் செய்தார்கள் என்று கேளுங்கள்.

முதல் நாள் சாயங்காலமே குளிர் எலும்பைத் தொட்டது. வீட்டைப் பார்த்துக்கொள்ளும் பெரியவர், தோட்டத்தின் மறுகோடியில் ஒரு சின்ன வீட்டில் இருப்பவர், ஓர் இரும்புச் சட்டி நிறையக் கரித்தணல் கொண்டுவந்தார். குழந்தைகள் நடுங்குவதைப் பார்த்துப் பரிதாபப்பட்டு அவராகவே கொண்டுவந்தது. அதை அறைக்குள் வைப்பது பற்றி எனக்கு ஒரு சின்னத் தயக்கம் இருந்தது, அதை மறைக்க மாட்டேன். "புகை ஏதும் வருமா?" என்று கேட்டேன். "புகையெல்லாம் வெளியிலேயே போயிருச்சு தம்பி, இது வெறும் கங்கு. பக்கத்துல ஒரு சட்டி தண்ணி வெச்சிருங்க, ஒண்ணும் ஆகாது" என்றார். அவர் பொய் சொல்லவில்லை. வாழ்நாள் முழுவதும் அவர் அப்படித்தான் தூங்கியிருக்கிறார். நானும் தண்ணீர் வைத்தேன். கார்பன் மோனாக்சைடு தண்ணீரில் ஏறக்குறைய கரையவே கரையாது என்பது பிறகுதான் தெரிந்தது. ஒரு சட்டியல்ல, தொட்டி நிறையத் தண்ணீர் வைத்திருந்தாலும் ஒன்றும் மாறியிருக்காது.

அந்தக் கங்கை இன்னும் என்னால் மறக்க முடியவில்லை. கருஞ்சிவப்பாகக் கிடக்கும், அதன்மேல் விரல்நுனி உயரத்துக்கு நீலமாக ஒரு சுடர் எழும்பி ஆடி அடங்கும். குழந்தைகள் இருவரும் குப்புறப் படுத்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். "நீலம் வந்துருச்சு, நீலம் வந்துருச்சு" என்று சின்னவன் கை தட்டினான். அந்த நீலம் என்னவென்று பின்னாளில் படித்தபோது எனக்குக் கை நடுங்கியது. கரிக்குவியலின் அடியில் எரிந்து உண்டாகும் கரியமில வாயு, மேலே சிவந்து கிடக்கும் கங்குகளுக்கு நடுவே ஏறும்போது கார்பன் மோனாக்சைடாக மாறுகிறது. மேலே வந்ததும் அதில் ஒரு பகுதி எரிகிறது. அந்தச் சுடர்தான் நீலம். சுடர் அடங்கிய பிறகு எரியாத வாயு அப்படியே அறைக்குள் வருகிறது. நிறம் கிடையாது, வாசனை கிடையாது, கண் எரியாது, தொண்டை கமறாது. புகை இல்லையே என்ற தைரியத்தில்தான் கரியை அறைக்குள் கொண்டுவருகிறோம். ஆனால் இந்த வாயு வருவதற்குப் புகை வேண்டியதில்லை.

முதல் இரவு ஜன்னலில் ஒரு கதவைக் கொஞ்சம் திறந்து வைத்திருந்தோம். அதனால்தான் மறுநாள் எழுந்தோம் என்று இப்போது நினைக்கிறேன். நடு இரவில் மனைவி என்னை உலுக்கி எழுப்பினாள். ஜன்னலுக்கு வெளியே யாரோ நிற்கிறார்கள், நடக்கும் சத்தம் கேட்கிறது என்றாள். நெஞ்சில் ஏதோ உட்கார்ந்து அழுத்துவது போல இருக்கிறது என்றும் சொன்னாள். டார்ச் அடித்துப் பார்த்தேன். யாரும் இல்லை. காலையில் எழுந்தால் நெற்றியைச் சுற்றிக் கயிறு கட்டி இறுக்கியது போல எனக்குத் தலைவலி. மனைவிக்கும் அப்படியே. பெரியவள் சோர்ந்து கிடந்தாள், சின்னவன் பல் தேய்க்கும்போதே வாந்தி எடுத்தான். பயணக் களைப்பு, புது இடத்துத் தண்ணீர் ஒத்துக்கொள்ளவில்லை என்று நாங்களே முடிவுகட்டினோம். காலை முழுவதும் ஆற்றங்கரையில் சுற்றினோம். மதியத்துக்குள் எல்லோருக்கும் எல்லாம் சரியாகிவிட்டது. பார்த்தாயா, களைப்புதான் என்றேன் நான்.

முன்கூடத்தில் கட்டில் போட்டுப் படுத்திருந்த அம்மாவுக்கு மட்டும் ஒன்றுமே இல்லை. அவருக்கு இளைப்பு உண்டு, அதனால் கணப்பு வேண்டாம் என்று கம்பளியைப் போர்த்திக்கொண்டு தனியாகப் படுத்துவிட்டார். "ராத்திரி யாரோ நடந்தாங்களாம்மா, உங்களுக்குக் கேட்டுச்சா?" என்று கேட்டேன். "நான் எங்கடா தூங்குனேன். ஒரு சத்தமும் இல்லையே" என்றார். அந்த நிமிடத்தில் விடை முழுவதும் என் முன்னால் இருந்தது. நாலு பேருக்கு ஒரே நேரத்தில் ஒரே உபாதை, காய்ச்சல் இல்லை. வெளியே போனதும் சரியாகிறது. வேறு அறையில் படுத்தவருக்கு ஒன்றுமில்லை. இதை மட்டும் யாராவது எனக்கு முன்பே சொல்லிக்கொடுத்திருந்தால் அன்றைக்கே பெட்டியைக் கட்டியிருப்பேன். உணவு ஒத்துக்கொள்ளாவிட்டால் ஆற்றங்கரைக்குப் போனதும் சரியாகாது. காய்ச்சல் தொற்றினால் ஒரே இரவில் நாலு பேருக்கும் ஒன்றாக வராது. வீட்டுக்குள் வலித்து, வெளியே போனால் விடுகிறது என்றால் வீட்டுக்குள் இருக்கும் காற்றைத்தான் சந்தேகப்பட வேண்டும்.

இரண்டாம் நாள் பொழுது சாயும் நேரத்தில் இரண்டு பேர் மோட்டார் சைக்கிளில் வந்து வாசல் கேட்டுக்குப் பக்கத்தில் நிறுத்திவிட்டு, வீட்டையே கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டு நின்றார்கள். நான் வெளியே போய் "என்ன வேணும்?" என்றதும் பதில் சொல்லாமல் கிளம்பிவிட்டார்கள். தோட்டத்துக்குத் தண்ணீர் திறந்துவிட வந்தவர்கள், விருந்தாளிகள் இருப்பதைப் பார்த்துத் தயங்கி நின்றிருக்கிறார்கள் என்று பிறகு தெரிந்தது. அன்றைக்கு எங்களுக்கு அது தெரியாது. முந்தின இரவு கேட்ட காலடிச் சத்தம், இந்த இருவர், கைபேசியில் சிக்னல் இல்லை, கூப்பிடு தூரத்தில் அந்தப் பெரியவரைத் தவிர வீடே இல்லை. மனைவி பயந்துபோனாள். உண்மையைச் சொன்னால் நான் அவளைவிட அதிகம் பயந்திருந்தேன். மகள் மட்டும் தெளிவாகச் சொன்னாள், "அப்பா, இந்த வீட்டுக்கு நம்மளப் பிடிக்கல. வீட்டுக்குப் போயிடலாம்." அவளை அதட்டி உட்கார வைத்தேன்.

அன்று இரவு நான் செய்ததை வரிசையாக எழுதுகிறேன், ஏனென்றால் ஒவ்வொன்றும் பாதுகாப்புக்காகவே செய்தது. ஜன்னல்கள் எல்லாவற்றையும் இழுத்துச் சாத்திக் கொக்கி போட்டேன். படுக்கையறைக் கதவுக்கு மேல் தாழ்ப்பாள், நடுத் தாழ்ப்பாள் இரண்டையும் போட்டேன். கதவுக்கு அடியில் சில்லென்று காற்று வந்ததால் ஒரு துண்டை மடித்து இண்டு இடுக்கில்லாமல் அடைத்தேன். காற்று பலமாக அடித்ததால் பெரியவர் முந்தின நாளைவிடப் பெரிய சட்டியில் கணப்புக் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனார். வெளியே இருந்து யாரும் வரமுடியாதபடி எல்லா வழியையும் அடைத்துவிட்டு, உள்ளே அந்தச் சட்டியோடு என் குழந்தைகளைப் படுக்க வைத்தேன்.

இரவு இரண்டு மணிக்குமேல் இருக்கும், ஒரு சத்தம். மகள் எழுந்து நடக்கப் பார்த்து, கால் மடங்கித் தண்ணீர்ச் சொம்பின்மேல் விழுந்திருக்கிறாள். வெண்கலச் சொம்பு தரையில் உருண்டு உருண்டு போய்ச் சுவரில் மோதி நின்றது. அந்தச் சத்தம் வெகுதூரத்தில் கேட்பது போலக் கேட்டது. அவள் விழுந்துவிட்டாள் என்று எனக்குப் புரிந்தது. ஆனால் எழுந்திருக்கத் தோன்றவில்லை. ஐந்து நிமிடம் தூங்கிவிட்டு அப்புறம் தூக்கலாம் என்று என் மனம் சொன்னது. இதை எழுதும்போது இன்றும் உடம்பு பதறுகிறது. வலி இல்லை, மூச்சுத் திணறல் இல்லை, தூக்கம் ஒன்றுதான். கண் முன்னால் பெற்ற பிள்ளை விழுந்து கிடக்க, தூங்கலாம் என்று தோன்றியது. அவள் "அப்பா" என்று ஒரு முறை முனகினாள். அதற்குத்தான் நான் அசைந்தேன்.

எழுந்து நிற்க முடியவில்லை. கால்கள் என்னுடையவை போலவே இல்லை. தவழ்ந்து கதவுக்குப் போனேன். மேல் தாழ்ப்பாள் என் தலைக்கு மேலே இருந்தது, கை எட்டும்வரை உடம்பை நிமிர்த்த முடியவில்லை. அப்போது கைக்குக் கிடைத்தது நான் அடைத்து வைத்த துண்டுதான். அதைப் பிடுங்கினேன். கதவின் அடியிலிருந்து சில்லென்ற காற்று முகத்தில் அடித்தது. தரையோடு தரையாக வாயை வைத்து அந்த இடுக்கில் மூச்சு வாங்கினேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. பிறகு கதவைக் கையால் அடித்துக் கத்தியிருக்கிறேன். அம்மா மறுபக்கம் வந்து "தாழ்ப்பாளத் தெறடா, தெறடா" என்று கத்திக்கொண்டே இருந்தார். அந்தக் குரலைப் பிடித்துக்கொண்டுதான் எழுந்தேன். தாழ்ப்பாளைத் திறந்ததும் எழுபது வயது அம்மா என்னைத் தாண்டி உள்ளே போய்ச் சின்னவனைத் தரதரவென்று இழுத்து வந்தார். அப்புறம் பெரியவளை. மனைவியை நானும் அவருமாகப் போர்வையோடு சேர்த்து இழுத்தோம். வாசல் திண்ணையில், அந்தக் குளிரில், ஐந்து பேரும் தரையில் கிடந்தோம். மனைவி கண் விழிக்க நேரமாயிற்று.

உங்களுக்கு இப்படி ஒரு சந்தேகம் வந்தால், வந்த நொடியில் வெளியே போங்கள். காரணத்தைத் தேடாதீர்கள், சட்டியைத் தூக்கி வெளியே வைக்கப் பார்க்காதீர்கள், துணிமணி எடுக்காதீர்கள். ஆட்களை எண்ணுங்கள். யாராவது உள்ளே இருந்தால், இழுக்கப் போகிறவர் வெளியே நன்றாக மூச்சு வாங்கிக்கொண்டு போய், முதலில் ஜன்னலைத் திறக்க வேண்டும். முகத்தில் ஈரத்துணி கட்டினாலும் முகக்கவசம் போட்டாலும் இந்த வாயுவைத் தடுக்காது. வெளியே வந்தவர் கார் ஓட்டக் கூடாது, தெளிவாக இருப்பதாகத் தோன்றினாலும் கூடாது. அன்று பெரியவர்தான் ஓடிப்போய் யாரையோ எழுப்பி வண்டி கொண்டுவந்தார். அந்த முக்கால் மணி நேரம் நாங்கள் வாசலிலேயே கிடந்தோம். சிக்னல் இல்லாத இடத்துக்குப் போகிறீர்கள் என்றால், பக்கத்தில் எங்கே நின்றால் சிக்னல் கிடைக்கும் என்பதைப் பகலிலேயே பார்த்து வைத்துக்கொள்ளுங்கள்.

அடுத்து நடந்ததில்தான் எனக்கு இன்னும் ஆற்றாமை. பக்கத்து ஊரில் ஒரு சின்ன மருத்துவமனை. விரலில் பல்ஸ் ஆக்சிமீட்டர் மாட்டினார்கள். எனக்கு 98, மகளுக்கு 99. "ஆக்சிஜன் நல்லா இருக்கே, சாப்பாடு ஒத்துக்கல" என்று சொல்லி, வாந்திக்கு மாத்திரை கொடுத்து, வீட்டுக்குப் போய் ஓய்வெடுக்கச் சொன்னார்கள். திரும்ப அந்த வீட்டுக்கு. அவர்களை நம்பி நாங்களும் போனோம். விடியும் நேரம். மனைவி வாசல்வரை வந்து நின்றுவிட்டாள். "செத்தாலும் உள்ள வரமாட்டேன்" என்றாள். அவள் பிடிவாதத்தால் காரிலேயே உட்கார்ந்திருந்தோம். மகளுக்கு மறுபடி வாந்தி ஆரம்பித்ததும், பெரியவருக்குத் தெரிந்த ஒருவர் எங்கள் காரை ஓட்ட, பெரிய ஊர் மருத்துவமனைக்குப் போனோம்.

அங்கே இருந்த இளம் டாக்டர் எங்களை ஒரு நிமிடம் பார்த்துவிட்டு மூன்று கேள்விதான் கேட்டார். எல்லோருக்கும் ஒரே நேரத்திலா? அறையில் ஏதாவது எரிந்ததா? வெளியே வந்ததும் குறைந்ததா? நான் பதில் சொல்லி முடிக்கும் முன்பே நர்ஸ் ஆக்சிஜன் முகமூடியை மகளுக்கு மாட்டிவிட்டார். ரத்தப் பரிசோதனை முடிவுக்குக்கூட அவர்கள் காத்திருக்கவில்லை. விரலில் மாட்டும் கருவி 99 காட்டியதே என்று கேட்டேன். அவர் பொறுமையாகச் சொன்னார். கார்பன் மோனாக்சைடு, ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் அதிகமான பிடிப்போடு ஹீமோகுளோபினில் ஒட்டிக்கொள்ளும். ஆக்சிஜன் உட்கார வேண்டிய இடத்தில் இது உட்கார்ந்துவிடும். அந்தச் சாதாரணக் கருவிக்கு இரண்டும் ஒரே மாதிரி சிவப்பு. அதனால் உடம்பு ஆக்சிஜன் இல்லாமல் தவிக்கும்போதும் அது 98, 99 என்று காட்டும். ரத்தம் எடுத்துக் கோ-ஆக்சிமீட்டர் என்ற கருவியில் பார்த்தால்தான் உண்மை தெரியும். இந்த ஒரு விஷயத்தை மட்டுமாவது தயவுசெய்து நினைவில் வையுங்கள். எந்த ஆஸ்பத்திரிக்குப் போனாலும், "அறையில் கரி எரிந்தது, கார்பன் மோனாக்சைடாக இருக்குமோ, கார்பாக்சிஹீமோகுளோபின் பாருங்கள்" என்று வாய்விட்டுச் சொல்லுங்கள். இந்த வாயு ஒட்டிக்கொண்ட ஹீமோகுளோபினுக்குத்தான் அந்தப் பெயர். நாம் சொல்லாவிட்டால் அவர்களுக்குத் தெரிய வழியில்லை.

மகளின் அளவு 14 சதவீதம் வந்தது. புகைபிடிக்காதவர்களுக்கு அது இரண்டு, மூன்றைத் தாண்டக் கூடாது. நாங்கள் வெளியே வந்து ஐந்து மணி நேரம் கழித்து எடுத்த அளவு அது. சாதாரணக் காற்றைச் சுவாசித்தால் இந்த வாயு ரத்தத்தில் பாதியாகக் குறையச் சுமார் ஐந்து மணி நேரம் ஆகுமாம். அப்படியானால் சொம்பில் விழுந்தபோது அவளுக்கு ஏறக்குறைய இரண்டு மடங்கு இருந்திருக்கும் என்றார் டாக்டர். முகமூடி வழியாக முழு ஆக்சிஜன் கொடுத்தால் அந்த ஐந்து மணி நேரம் ஒன்றரை மணி நேரத்துக்குள் வந்துவிடும். முதல் மருத்துவமனையில் அந்த ஒரு முகமூடியை மாட்டியிருந்தால் என் பிள்ளைகளின் மூளையும் இதயமும் அத்தனை நேரம் பட்டினி கிடந்திருக்காது. இதை நினைத்து நினைத்து எத்தனையோ இரவு தூங்கவில்லை. கர்ப்பிணிகள் இருந்தால் இன்னும் கவனம் வேண்டும். தாய் தெளிவாக இருந்தாலும், வயிற்றில் இருக்கும் பிள்ளையின் ரத்தத்திலிருந்து இது வெளியேற இன்னும் அதிக நேரம் ஆகும் என்றும் அவர் சொன்னார்.

காலடிச் சத்தத்தைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் மனைவி அதை வெகுநாள் மனதில் வைத்துக் குமைந்துகொண்டிருந்தாள். 1921-ல் வில்மர் என்ற அமெரிக்கக் கண் மருத்துவர், ஒரு மருத்துவ இதழில் ஒரு குடும்பத்தைப் பற்றி எழுதியிருக்கிறார். பழைய வீடு ஒன்றுக்குக் குடிபோன அவர்களுக்குத் தலைவலி, சோர்வு, இரவில் காலடிச் சத்தம், யாரோ நிற்பது போன்ற தோற்றம். பேய் வீடு என்றே நம்பியிருக்கிறார்கள். கடைசியில் பார்த்தால் வீட்டைச் சூடாக்கும் உலை பழுதாகி, அதன் வாயு அறைகளுக்குள் வந்துகொண்டிருந்திருக்கிறது. இதைப் படித்துக் காட்டியபோது மனைவி அழுதுவிட்டாள். தான் கோழையும் இல்லை, பைத்தியமும் இல்லை என்று தெரிந்த அழுகை அது. வீட்டில் ஒருவருக்குத் திடீரென்று காரணம் தெரியாத பயமும் படபடப்பும் வந்தால் அதைக் கேலி செய்யாதீர்கள். மகள் "இந்த வீட்டுக்கு நம்மளப் பிடிக்கல" என்றபோது நான் அவளை அதட்டியிருக்கக் கூடாது.

இது எங்களுக்கு மட்டும் நடந்த அபூர்வம் என்று நினைத்திருந்தேன். இல்லை. 2020 ஜனவரியில் நேபாளத்தின் தாமன் என்ற மலைவாசத்தலத்தில், கேரளத்திலிருந்து சுற்றுலா போனவர்களில் எட்டுப் பேர், அதில் நாலு பேர் குழந்தைகள், கேஸ் ஹீட்டர் வைத்த மூடிய அறையில் இறந்துபோனார்கள். 2006-ல் கிரேக்க நாட்டின் கார்ஃபு தீவில், தங்கியிருந்த இடத்தின் பழுதான கொதிகலனிலிருந்து வந்த வாயுவால், விடுமுறைக்குப் போன குடும்பத்தின் இரண்டு பிள்ளைகள் இறந்தார்கள். செய்தியாக வந்தபோது இதில் ஒன்றை நானே படித்திருக்கிறேன். ஐயோ பாவம் என்று சொல்லிவிட்டுப் பக்கத்தைப் புரட்டியிருக்கிறேன்.

செலவைப் பற்றியும் சொல்ல வேண்டும். இரண்டு நாள் மருத்துவமனை, நாலு பேருக்கும் பரிசோதனைகள், இதயத்தைப் பாதித்திருக்கிறதா என்று ஈ.சி.ஜி., ரத்தச் சோதனைகள். எங்கள் மூன்று மாதச் சேமிப்பு அதில் போயிற்று. எனக்குப் பதினைந்து நாள் வேலை போயிற்று. வீட்டு உரிமையாளர் முதலில் "இத்தனை வருஷத்துல யாருக்கும் ஒண்ணும் ஆனதில்ல" என்று சொல்லி, தங்காத நாட்களுக்கான பணத்தைத் திருப்பித் தர மறுத்தார். ஒரு மாதம் அலைந்த பிறகு பாதி வந்தது. நான் செய்த தவறு, எதையும் படம் எடுத்து வைக்காதது. மூட்டை முடிச்சை எடுக்க ஆள் அனுப்பியபோது சட்டியைக் கழுவிக் கவிழ்த்திருந்தார்கள், ஜன்னல்கள் எல்லாம் திறந்திருந்தன. டிஸ்சார்ஜ் சம்மரியும் ரத்தப் பரிசோதனை அறிக்கையும் மட்டும் இல்லாவிட்டால் அந்தப் பாதியும் வந்திருக்காது. அறையின் காற்றை அளந்து பார்க்க முடியுமா என்று தீயணைப்புத் துறையிடமாவது கேட்டிருக்கலாம். அதுவும் எனக்கு அப்போது தோன்றவில்லை.

மருத்துவமனையிலிருந்து வந்ததும் முடிந்துவிட்டது என்று நினைத்தோம். மூன்றாவது வாரம் மனைவி அடுப்பில் வைத்ததை மறந்தாள். தினமும் போய்வரும் தெருவில் எந்தப் பக்கம் திரும்புவது என்று ஒருநாள் திகைத்து நின்றாள். டாக்டர் கிளம்பும்போதே எச்சரித்திருந்தார், நன்றாகத் தேறியவர்களுக்குக்கூட சில நாளிலிருந்து ஆறு வாரத்துக்குள் மறதி, தடுமாற்றம், சுபாவ மாற்றம் வரலாம், வந்தால் உடனே வர வேண்டும் என்று. போனோம், ஸ்கேன் எடுத்தார்கள். இரண்டு மாதத்தில் மெல்ல மெல்லச் சரியானாள். அந்த எச்சரிக்கை இல்லாவிட்டால் அவள்மீதே எரிந்து விழுந்திருப்பேன்.

இப்போது எங்கள் பயணப் பையில் பேட்டரியில் ஓடும் ஒரு சின்ன கார்பன் மோனாக்சைடு அலாரம் இருக்கிறது. உள்ளங்கை அளவுதான். வாங்கும்போது உறையில் இ.என். 50291 அல்லது யு.எல். 2034 என்ற தர எண் இருக்கிறதா என்று பாருங்கள். புகை அலாரம் வேறு, இது வேறு. ஒன்று மற்றதன் வேலையைச் செய்யாது. உள்ளே இருக்கும் உணரிக்கு ஆயுள் உண்டு, மாற்ற வேண்டிய வருடம் பின்பக்கம் அச்சடித்திருக்கும். இந்த வாயு காற்றைவிடக் கொஞ்சம்தான் லேசு. அறை முழுவதும் கலந்து நிற்கும். அதனால் கூரையில்தான் மாட்ட வேண்டும் என்று கட்டாயம் இல்லை, தூங்கும் அறையில் தலை இருக்கும் உயரத்தில் வைத்தால் போதும். ஆனால் அலாரம் இருக்கிறதே என்று கரிச்சட்டியை உள்ளே விடாதீர்கள். கரி எரிந்த சட்டி சாம்பல் பூத்து அணைந்தது போலத் தெரிந்தாலும் உள்ளே கனன்றுகொண்டுதான் இருக்கும். கூடாரத்துக்குள்ளும் அதே கதைதான். கேஸ் கீசர் உள்ள குளியலறையில் ஜன்னலை அடைக்காதீர்கள். மின்சாரம் போனால் ஜெனரேட்டரை எங்கே வைத்து ஓட்டுகிறார்கள் என்று பாருங்கள், அது உங்கள் ஜன்னலுக்குக் கீழே இருக்கக் கூடாது.

அந்தப் பெரியவரோடு நான் இன்னும் பேசிக்கொண்டிருக்கிறேன். மருத்துவமனைக்கு வந்து, சின்னவனின் கட்டில் காலைப் பிடித்துக்கொண்டு அழுதவர் அவர். "அம்பது வருஷமா இதோடதான் தூங்குறேன் தம்பி, எனக்கு ஏன் ஒண்ணும் ஆகல?" என்று திரும்பத் திரும்பக் கேட்டார். அவருடைய சின்ன வீட்டில் கூரைக்கும் சுவருக்கும் நடுவே கை நுழையும் இடைவெளி இருக்கிறது. அவரை ஐம்பது வருடமாகக் காப்பாற்றியது அந்த ஓட்டைதான். நாங்கள் படுத்த அறையில் அப்படி ஓர் ஓட்டைகூட இல்லை. போன மாதம் பேசும்போது, இந்தக் குளிருக்கு மகன் வந்து கூரையை அடைத்துக் கொடுக்கப்போகிறான் என்று சந்தோஷமாகச் சொன்னார். எனக்குப் பகீர் என்றது. அன்றே ஓர் அலாரம் வாங்கி அனுப்பினேன். அது கையில் கிடைத்ததும் கூப்பிட்டு, எந்தச் சுவரில் மாட்டுவது என்று கேட்டார். தலைமாட்டுப் பக்கம், படுத்தால் உங்கள் தலை இருக்கும் உயரத்தில் மாட்டுங்கள், கணப்பை மட்டும் வாசலுக்கு வெளியே வைத்துக் குளிர் காயுங்கள் என்றேன். "சரி தம்பி, இருங்க" என்று சொல்லிப் போனைக் கீழே வைத்துவிட்டு, சோதனைப் பொத்தானை அமுக்கிக் காட்டினார். நாலு முறை கத்தி நின்று, மறுபடி நாலு முறை கத்தியது.